தேரடியில் கௌபாய் பூட்ஸ்

பாடகியாக வேண்டும் என்று ஆசைப்படுகிறவர்கள் முதலில் பாடக் கற்றுக்கொள்வார்கள். நான் முதலில் பூட்ஸ் வாங்கினேன்.

இப்போது என்னைப் பேட்டி எடுக்க வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள். லண்டனில் வளர்ந்த யாழ்ப்பாணத்துப் பிள்ளை அமெரிக்கக் கன்ட்ரி பாட்டுக்கு எப்படி வந்தீர்கள், தமிழ்த் தொலைக்காட்சியில் நிகழ்ச்சி நடத்தவும் எப்படி வந்தீர்கள் என்று. நானும் தேடல், பயணம், வேர்கள் என்று கனமான சொற்களாகப் பார்த்து நாலைந்தைப் போட்டு அனுப்பிவிடுவேன். அவர்களும் சந்தோஷமாக எழுதிக்கொண்டு போவார்கள். உண்மையில் அந்த இரண்டு தொழிலும் ஒரே நாளில், ஒரே தெருவில், நான் ஒற்றைக் காலில் நின்றுகொண்டிருந்தபோது தொடங்கின. இதைப் பேட்டியில் சொல்ல முடியுமா?

அப்போது எனக்கு இருபத்துநான்கு வயது. கிழக்கு லண்டனில், ஃபாரஸ்ட் கேட் என்ற பகுதியில் அம்மா அப்பாவோடு இருந்தேன். மருந்துக்கடைக் கவுண்டரில் நல்ல வேலை ஒன்று இருந்தது. இருமல் மருந்து கொடுத்துக்கொண்டே ஒருநாள், எனக்குள் ஒரு கலைஞர் இருப்பதாக முடிவு செய்து வேலையை விட்டுவிட்டேன். (அந்தக் கலைஞர் அதுவரை யார் கண்ணிலும் படவில்லை என்பது வேறு விஷயம்.) அம்மா இரண்டு நாள் பேசவில்லை. அப்பா பேசினார்.

"இந்தக் கோடை முடியுமட்டும் பாப்பம். அதுக்குள்ளை டிவிக்காரர் உன்னை எடுத்தால் சரி. இல்லாட்டித் திரும்பவும் மருந்துக்கடை. விளங்குதோ?"

"ஓம் அப்பா."

டிவிக்காரர் என்று அப்பா சொன்னது ரஞ்சன் அண்ணையை. கம்பளக் கிடங்கு ஒன்றின் மேல்மாடியில் இருந்த ஒரு சிறிய தமிழ்த் தொலைக்காட்சிக்கு அவர்தான் நிகழ்ச்சிப் பொறுப்பாளர், அவர்தான் கணக்காளர், லிஃப்ட் பழுதானால் அதையும் அவர்தான் தட்டிப் பார்ப்பார். என்னை மூன்று மாதமாக வாழ்த்துச் செய்தி வாசிக்க வைத்திருந்தார். நிரந்தர வேலை கேட்டபோது, "தேருக்கு நேர்முக வர்ணனை செய். லைவ். அதிலை நிண்டு பிடிச்சால் ஞாயிற்றுக்கிழமைப் பாட்டு நிகழ்ச்சி உனக்குத்தான். சொதப்பினால், தங்கச்சி, எனக்கு வேறை வழி இல்லை" என்றார்.

எந்தக் கோயில் தேர் என்று மட்டும் கேட்காதீர்கள். நான் இன்னும் அங்கே அர்ச்சனை செய்யப் போக வேண்டியிருக்கிறது. முருகன் கோயில், லண்டனில் இருக்கிறது, அவ்வளவு போதும்.

அந்த வருடத் தேரில் எனக்கு மட்டுமல்ல, அப்பாவுக்கும் அரங்கேற்றம். பல வருடமாக வடம் இழுத்து, அன்னதானத்துக்குக் கத்தரிக்காய் வெட்டி, செருப்புக் காவல் பார்த்துக் கடைசியில் அவருக்குச் சில்லுக்குக் கட்டை போடும் பொறுப்புக் கிடைத்திருந்தது. தேரின் சில்லு, அதாவது சக்கரம், ஓடும்போது கூடவே குனிந்து நடந்து, நிறுத்த வேண்டிய இடத்தில் மரக்கட்டையைச் சரியாகச் செருக வேண்டும். (தேருக்கு பிரேக் இல்லையா என்று நீங்கள் கேட்பீர்கள். இருக்கிறது. ஆனால் எங்கள் ஆட்களுக்கு நம்பிக்கை கட்டையில்தான்.) ஒரு மாதமாக அப்பா வீட்டுப் பின்புறத்தில் பயிற்சி எடுத்தார். கவுன்சில் தந்த சில்லு வைத்த குப்பைத் தொட்டியை அம்மா இழுத்துக்கொண்டு வருவார், அப்பா குனிந்து கட்டை போடுவார். தொட்டி இரண்டு தரம் கவிழ்ந்தது. மூன்றாம் தரம் அம்மா, முழங்கால் ஏலாது என்று உள்ளே போய்விட்டார்.

இதுவரை சொன்னதெல்லாம் வீட்டுக்குத் தெரிந்த கதை. தெரியாத கதை ஒன்று இருந்தது.

டேவ் என்று எனக்கொரு நண்பன். கிதார் வாசிப்பான், பகலில் சமையலறைக் குழாய் பொருத்துவான். அவனுடைய சின்னக் குழுவில் நான் கன்ட்ரி பாடத் தொடங்கியிருந்தேன். அந்தப் பாட்டுகளில் லொறி ஓட்டுகிறவர்களும் காதலில் தோற்றவர்களும் வருவார்கள் (பெரும்பாலும் இரண்டும் ஒருவரேதான்), மழை பெய்யும், நாய் ஒன்று வாசலில் காத்திருக்கும், உச்சத்தில் பாடகியின் குரல் நடுவில் உடைந்து மேலே தாவும். அந்த உடைப்புக்காகவே எனக்கு அவற்றைப் பிடித்தது. ஒரு பப்பில் எங்களுக்கு முதல் நிகழ்ச்சி கிடைத்தது. தேர் நடக்கும் அதே ஞாயிறு, பிற்பகல் மூன்று மணி.

அப்பா பப் வாசலால் போக வேண்டி வந்தால் தெருவின் மறுபக்கத்துக்கு மாறி நடக்கிறவர். ஆகவே பிற்பகலில் ஸ்டூடியோவில் வேலை என்று சொல்லி வைத்திருந்தேன். தேர் பன்னிரண்டரைக்கு முடியும், கழிவறை ஒன்றில் சேலையை மாற்றிக்கொண்டு ரயில் ஏறினால் இரண்டரைக்குப் பப். தாளில் எழுதிப் பார்க்கும்போது எல்லாத் திட்டமும் சரியாகத்தான் வரும்.

இனி பூட்ஸ். கூர்மையான முனை, உயர்ந்த குதி, முழங்காலுக்குக் கீழ் வரைக்கும் பழுப்புத் தோல், அதன்மேல் சிவப்பு நூலில் பூவேலை. பழைய உடுப்புச் சந்தையில் கண்டேன். என் காலைவிட அரை அளவு சிறியது. "பெரிசாகும்," என்று விற்றவன் சொன்னான். ஆகவில்லை. டேவிடம் கேட்டேன். ஈரக் காலுறையோடு போட்டுக்கொண்டு காயும்வரை இருந்தால் தோல் காலின் வடிவத்துக்கு வந்துவிடும் என்றான். (குழாய் பொருத்துகிறவனிடம் தோலைப் பற்றிக் கேட்டது என் பிழை.) சனிக்கிழமை மாலை அப்படியே செய்தேன். தோல் உண்மையிலேயே என் காலின் வடிவத்துக்கு வந்தது. வந்து, அங்கேயே நின்றுவிட்டது.

இழுத்தேன். கட்டிலில் மல்லாந்து படுத்துச் சுவரில் உதைத்தேன். பேபி பவுடர் போட்டேன், நல்லெண்ணெய் விட்டேன். பவுடரும் எண்ணெயும் சேர்ந்து பசையாகிப் பிடி இன்னும் இறுகியது. அம்மாவைக் கூப்பிட முடியாது, கூப்பிட்டால் ஏன் எதற்கு என்று பப் வரைக்கும் போகும். கத்தரியால் வெட்டலாம். வெட்டினால் மூன்று மணிக்கு எதைப் போடுவது? பூட்ஸ் இல்லாமல் கன்ட்ரி பாடினால் சட்டம் பிடிக்கும் என்று நினைத்திருந்த வயது அது. பூட்ஸோடேயே போர்த்துக்கொண்டு படுத்தேன். இரவு முழுக்கப் பெருவிரலில் இதயம் துடித்தது.

விடியும்போதும் பூட்ஸ் காலில்தான் இருந்தது. பிறகு ஒரு யோசனை வந்தது. நான் நிற்கப்போவது கோயிலுக்குள் அல்ல, கோயில் வாசலுக்கு எதிரே நடைபாதையில். தெருவில் நிற்கிற எத்தனையோ பேர் சப்பாத்தோடுதான் நிற்பார்கள். சேலையைத் தரை தொட இறக்கிக் கட்டினால் யாருக்குத் தெரியும்?

"கொண்டா, கொசுவம் பிடிச்சு விடுறன்," என்று அம்மா வந்தார்.

"வேண்டாம் அம்மா, நானே உடுப்பன்."

"நீயோ?"

அந்த ஒற்றைச் சொல்லில் என் இருபத்துநான்கு வருட வரலாறும் இருந்தது. ஆனாலும் விட்டுவிட்டார். முழங்கால் வலியால் அவர் தேருக்கு வரவில்லை, வீட்டில் இருந்து டிவியில் பார்ப்பதாக ஏற்பாடு. டொரொண்டோவில் பெரியம்மா, பாரிஸில் மாமா குடும்பம், எல்லோருக்கும் தொலைபேசியில் சொல்லி வைத்திருந்தார். என் முதல் லைவ் என்பதால், அதைப் பார்க்காத சொந்தக்காரர் ஒருவர்கூட உலகில் மிஞ்சவில்லை.

பத்து மணிக்கு ஒளிபரப்புத் தொடங்கியது. காதுக்குள் ரஞ்சன் அண்ணையின் குரல், கையில் மைக், முன்னால் கமரா. முதல் அரை மணி நேரம் நான் நன்றாகத்தான் செய்தேன், இதை யாரும் ஞாபகம் வைத்திருப்பதில்லை. "அலைகடலெனத் திரண்டிருக்கும் அடியார் கூட்டம்" என்றேன். "விண்ணைப் பிளக்கும் அரோகரா" என்றேன். பழைய வர்ணனையாளர்களிடம் கேட்டுப் பாடமாக்கியவை. எனக்குத் தெரிந்த கனமான தமிழ் அவ்வளவுதான், அதைச் சிக்கனமாகப் பயன்படுத்த வேண்டும் என்று தோன்றாமல் முதல் பத்து நிமிடத்தில் கொட்டி முடித்துவிட்டேன்.

அப்போது காதுக்குள் குரல் வந்தது. "பிள்ளை, நல்லாப் போகுது. இப்ப தேருக்குக் கிட்டப் போ. முன்னுக்கு நடந்து கதை."

தேருக்குக் கிட்ட எல்லோரும் வெறுங்கால். கயிறு பிடித்து வளையம் கட்டி நின்ற தொண்டர்கள் அந்த வளையத்துக்குள் ஒரு செருப்பைக்கூட விடமாட்டார்கள். முடியாது என்று சொல்ல மைக்கில் வழி இல்லை, சொன்னால் ஐரோப்பா முழுக்கக் கேட்கும். கமராக்காரர் ஏற்கெனவே நடக்கத் தொடங்கிவிட்டார். சேலைக் கரையை ஒரு கையால் இன்னும் கீழே இழுத்துக்கொண்டு, தரையில் வழுக்கிக்கொண்டு போவதுபோல் பாதத்தைத் தூக்காமல் வளையத்துக்குள் போனேன். ஒரு தொண்டர் அக்கா என்னை மேலும் கீழும் பார்த்தார். நான் பக்திப் பரவசத்தில் இருப்பதுபோல் முகத்தை வைத்துக்கொண்டேன்.

பாதத்தைத் தூக்காமல் எவ்வளவு தூரம் நடக்கலாம்? தேர் நகர்ந்ததும் நானும் சாதாரணமாக நடக்க வேண்டியதாயிற்று. அப்போதுதான் அந்தச் சத்தம். டொக், டொக், டொக். மரக் குதி, தார்த் தெரு, என் இடுப்பளவில் பிடித்திருந்த மைக்.

"என்ன சத்தம் அது?" என்றார் ரஞ்சன் அண்ணை. "சனம் போன் பண்ணிக் கேக்குது. குதிரை நடக்கிற மாதிரிக் கிடக்காம்."

பயந்தவளுக்குப் பொய் எவ்வளவு வேகமாக வருகிறது என்று நானே அன்றுதான் பார்த்தேன். "அன்பார்ந்த நேயர்களே, பாதுகாப்புக்காகப் பொலிசாரின் குதிரைகளும் வருகை தந்திருப்பதைக் காண்கிறோம்," என்றேன்.

"குதிரையோ? வடிவா இருக்குமே. கமராவைத் திருப்பு," என்றார் அவர் சந்தோஷமாக.

கமராக்காரர் வலப்பக்கம் திரும்பினார், இடப்பக்கம் திரும்பினார். இரண்டு பொலிசார் நடந்து வந்துகொண்டிருந்தார்கள், அவ்வளவுதான். அவர் குதிரையைத் தேடிய நேரம் முழுக்க நான் அசையாமல் நின்றேன். நான் நின்றதும் குதிரைச் சத்தமும் நின்றது. (பெரியம்மா டொரொண்டோவில் இருந்து அம்மாவுக்கு போன் எடுத்து, குதிரை எங்கே என்று கேட்டது அப்போதுதானாம்.) தேரின் அடியில் குனிந்து, கட்டையைக் கையில் வைத்துக்கொண்டு சில்லையே பார்த்து நடந்த அப்பா மட்டும் ஒன்றையும் கவனிக்கவில்லை. அவருடைய நெற்றி, தோள், மார்பு எல்லாம் விபூதி. அவ்வளவு கவனமாக அவர் எதையும் செய்து நான் பார்த்ததில்லை, என்னை வளர்த்ததும் உட்பட.

தேர் தெரு முனைக்கு வந்தது. அங்கேதான் சிதறு தேங்காய் அடிப்பது. குவியல் குவியலாகத் தேங்காய்கள், சட்டையில்லாமல் நின்ற ஆண்கள், ஒன்றன்பின் ஒன்றாகச் சிதறும் சத்தம். உடைந்த துண்டுகளைக் கூட்டி எடுத்தார்கள். ஆனால் தேங்காய்த் தண்ணீரைக் கூட்ட முடியாதே. தார்த் தெரு பளபளவென்று நனைந்து கிடந்தது. வெறுங்காலோடு வந்த ஆயிரம் பேரில் ஒருவரும் வழுக்கவில்லை. தோல் அடி வைத்த பூட்ஸ் போட்ட ஒருத்திதான் அந்தக் கூட்டத்தில் இருந்தாள், அவளும் தேரைப் பார்த்துப் பின்பக்கமாக நடந்துகொண்டிருந்தாள்.

"இதோ, அசைந்து அசைந்து வருகின்ற..." என்று சொன்னது நினைவிருக்கிறது. வருகின்றது எது என்று சொல்வதற்குள் என் வலது கால் வானத்துக்குப் போய்விட்டது.

முழுதாக விழவில்லை. பின்னால் நின்ற ஒரு அம்மா கக்கத்தில் கைகொடுத்துப் பிடித்தார். அந்தத் தொண்டர் அக்கா, நான் தேருக்கு அடியில் போய்விடுவேன் என்ற பதற்றத்தில் தூக்கிய காலைப் பிடித்து மறுபக்கம் இழுத்தார். அவர் கையில் பூட்ஸ்தான் அகப்பட்டது. சனிக்கிழமை மாலையிலிருந்து எண்ணெய்க்கும் உதைக்கும் மசியாத பூட்ஸ், அந்த ஒரு இழுவையில் கழன்றது. தான் எதைப் பிடித்திருக்கிறோம் என்று பார்த்ததும் அக்கா "ஐயோ, சப்பாத்து" என்று கையை உதறினார். அது ஈரத் தெருவில் வழுக்கிக்கொண்டு போய், தேரின் முன் சில்லுக்கு அடியில் செருகிக்கொண்டது. அப்பா ஒரு மாதம் குப்பைத் தொட்டியோடு பழகியும் அவ்வளவு துல்லியமாக ஒரு கட்டை போட்டிருக்க மாட்டார்.

தேர் ஒரு தடவை உதறி நின்றது. விசில் ஊதினார்கள். வடம் தொய்ந்தது. தவிலும் நாதசுரமும் நின்றன. மேலே நின்ற குருக்கள் தூணைப் பிடித்துக்கொண்டு கீழே எட்டிப் பார்த்தார். அத்தனை சனத்திலும் ஒரு சத்தம் இல்லை.

காதுக்குள் மட்டும் சத்தம் இருந்தது. "என்ன நடந்தது? ஏன் தேர் நிண்டது? கதை பிள்ளை. லைவ்விலை சத்தம் இல்லாமல் விடாதை. கதை."

என்ன கதைப்பது? தேர் ஏன் நின்றது என்று உலகத்திலேயே திருத்தமாகச் சொல்லக்கூடியவள் நான் ஒருத்திதான், சொல்லத்தான் முடியாது. அலைகடல் முடிந்திருந்தது, விண்ணைப் பிளந்தாயிற்று. "நேயர்களே, தேர் நிற்கிறது," என்றேன். "தொடர்ந்து நிற்கிறது," என்றேன். பிறகு எனக்குத் தெரிந்த தமிழ் அத்தனையும் என்னை விட்டுப் போய்விட்டது.

"கதைக்க ஏலாட்டிப் பாடு. ஏதாவது பாடு," என்றார் ரஞ்சன் அண்ணை. அழுகிற குரல்.

பாடினேன். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் பாடமாக்கிய ஒரு பக்திப் பாட்டுத்தான், எங்கள் பிள்ளைகள் எல்லோருக்கும் தெரிந்தது. ஆனால் ஆறு மாதமாக நான் பழகியது ஒரே ஒரு குரல். பயத்தில் அதுதான் வந்தது. சொற்களை இழுத்தேன், மூக்கால் சறுக்கினேன், உச்சத்தில் முருகா என்று வந்த இடத்தில் குரல் தன்பாட்டில் நடுவில் உடைந்து மேலே தாவியது. நிறுத்த வேண்டும் என்று மூளை சொன்னது. நிறுத்தினால் அமைதி, அமைதி வந்தால் கேள்வி. ஆகவே நான் நிறுத்தவில்லை. ஒரு காலில் பூட்ஸ், மறு காலில் ஈரக் காலுறை, உயரம் சரிவராமல் ஒரு பக்கம் சாய்ந்து நின்று பாடினேன். இரண்டாம் தரம் அந்த உடைப்பு வந்தபோது தவில்காரர் மெதுவாகத் தாளம் போடத் தொடங்கினார். வேறு என்ன செய்வதென்று அவருக்கும் தெரியவில்லைப் போல. பின்வரிசையில் சில பெண்கள் கூடப் பாடினார்கள். இரக்கப்பட்டுத்தான் பாடினார்கள் என்றாலும் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது.

பாட்டு முடிகிற நேரத்தில் தேரின் அடியிலிருந்து அப்பா எழுந்தார். அலவாங்கால் நெம்பிச் சில்லை ஒரு விரல் அளவு தூக்கி, சிக்கியிருந்ததை இழுத்து எடுத்திருந்தார். அதை இரண்டு விரலால் தூக்கிப் பிடித்துச் சுற்றிலும் காட்டினார். தட்டையாகியிருந்தது. சிவப்புப் பூவேலை மட்டும் அப்படியே இருந்தது.

"உது ஆற்றை சப்பாத்து?"

தொண்டர் அக்கா என்னைப் பார்த்தார். அவரைப் பார்த்தவர்கள் என்னைப் பார்த்தார்கள். கமராவும் கடைசியில் குதிரையைக் கண்டுபிடித்ததுபோல் மெதுவாக இறங்கி என் காலில் வந்து நின்றது.

"என்ரை, அப்பா," என்றேன்.

அவர் அந்தத் தட்டையான பூட்ஸையும் என் காலில் இருந்ததையும் மாறி மாறிப் பார்த்தார். கோபம் இல்லை, அது இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். சில்லடியில் அவருடைய முதல் தேர் அது. "ஏன் பிள்ளை, இண்டைக்குப் போட உனக்கு வேறை ஒண்டும் இல்லையே?" என்று மட்டும் கேட்டார்.

அந்தக் கேள்விக்கு இல்லை என்றோ ஓம் என்றோ ஒரு சொல்லில் பதில் சொல்லியிருக்கலாம். நான் எல்லாவற்றையும் சொன்னேன். ஈரக் காலுறை, டேவ், கிதார், மூன்று மணிப் பப், ஸ்டூடியோ என்று சொன்னது பொய், பொலிஸ் குதிரையும் பொய், எனக்கு வாழ்த்து வாசிக்க விருப்பமில்லை, பாடத்தான் விருப்பம், மருந்துக்கடைக்கு மட்டும் திரும்பிப் போகச் சொல்லாதையுங்கோ. மூக்கு ஒழுக ஒழுகச் சொன்னேன். காதுக்குள் ரஞ்சன் அண்ணை இரண்டே சொல்லைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார்.

"பிள்ளை, மைக். பிள்ளை, மைக்."

என் வாழ்க்கையின் மிகத் தெளிவான நேர்முக வர்ணனை அதுதான். லண்டனிலும் பாரிஸிலும் டொரொண்டோவிலும் ஒரு சொல் விடாமல் கேட்டார்களாம். அம்மா வீட்டில் டிவியை நிறுத்தினார். நிறுத்தினால் உலகத்துக்கும் நின்றுவிடும் என்று நினைத்தாராம்.

அப்பா பூட்ஸை ஓரமாக ஒரு வீட்டு மதிலில் வைத்தார், கையைக் கழுவினார், குருக்கள் தெளித்த தண்ணீருக்குத் தலையைக் குனிந்தார், கட்டையை எடுத்துக்கொண்டு சில்லடிக்குப் போனார். தேர் நகர்ந்தது. கமராக்காரர் என் கையிலிருந்து மைக்கை மெதுவாக எடுத்துக்கொண்டு போனார். குழந்தையிடமிருந்து கத்தியை வாங்குவதுபோல் வாங்கினார்.

நான் அந்த மதிலில் பூட்ஸுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன். இடது பூட்ஸ் இன்னும் காலில்தான், அதை இழுக்க யாரும் முன்வரவில்லை. வேலை போய்விட்டது, அது நிச்சயம். அப்பாவின் பெயரைக் கெடுத்தாயிற்று. நாளைக்கே மருந்துக்கடைக்காரரிடம் போய் நிற்க வேண்டும். இருமல் மருந்து எந்தத் தட்டில் இருக்கும் என்றுகூட மனதுக்குள் அடுக்கிப் பார்த்தேன். தேர் இருப்பிடம் போய்ச் சேர்ந்ததற்குக் கொளுத்திய வெடிச் சத்தம் தூரத்தில் கேட்டது. போன் அதிர்ந்துகொண்டே இருந்தது, நான் எடுக்கவில்லை.

அப்பா வந்தபோது வேட்டி எல்லாம் கிறீஸ். எனக்கு முன்னால் நின்றார். நான் தலையைத் தூக்கவில்லை.

"மூண்டு மணியெண்டு சொன்னனி," என்றார். "இப்ப ஒண்டே முக்கால். காரிலை ஏறு."

"எங்கை அப்பா?"

"எங்கையோ? அவங்கள் உன்னைப் பாத்துக்கொண்டு நிப்பாங்கள் எல்லே. ஒரு இடத்திலை சொதப்பினது காணும்."

வழியில் ஒரு சிக்னலில், "பப்பிலை மரக்கறிச் சாப்பாடு இருக்குமோ?" என்று கேட்டார். காலையிலிருந்து விரதம். எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன, இரண்டையும் அடக்கிக்கொண்டு, "சிப்ஸ் இருக்கும் அப்பா," என்றேன்.

விபூதியும் வேட்டியும் சால்வையுமாக அப்பா பப்புக்குள் நுழைந்தபோது அங்கிருந்த எல்லோரும் திரும்பிப் பார்த்து வழிவிட்டார்கள். எங்கள் குழுவில் முக்கியமான ஆள் அவர்தான் என்று நினைத்துவிட்டார்கள். ஒருவர் கைதட்டவும் தட்டினார். அப்பா முன்வரிசையில் உட்கார்ந்து ஒரேஞ் ஜூஸும் சிப்ஸும் எடுத்தார். தட்டையான பூட்ஸுக்குள் பாதிக் காலை நுழைத்து, கமராவுக்கு உடுத்த சேலையோடேயே நான் பாடினேன். நன்றாகப் பாடவில்லை. முதல் பாட்டில் இரண்டு வரி மறந்தேன், மூன்றாம் பாட்டில் டேவ் என்னைத் துரத்திப் பிடிக்க வேண்டியிருந்தது. ஆனால் கடைசிப் பாட்டு வரைக்கும் நிறுத்தாமல் பாடினேன். அதற்குமேல் பயப்பட என்னிடம் எதுவும் மிஞ்சியிருக்கவில்லை.

முடிந்ததும் அப்பா தன் கருத்தைச் சொன்னார். "குரல் பரவாயில்லை. ஆனா ஏன் எல்லாப் பாட்டிலையும் ஆரோ ஒராள் விட்டிட்டுப் போகினம்?"

"அது அப்படித்தான் அப்பா."

"போனவை ஒருத்தரும் திரும்பி வாறேல்லையே?"

"இல்லை அப்பா."

"பாவங்கள்," என்று சொல்லி மிச்ச சிப்ஸைச் சாப்பிட்டார். மருந்துக்கடைப் பேச்சை அதற்குப் பிறகு அவர் எடுக்கவேயில்லை.

செவ்வாய்க்கிழமை ரஞ்சன் அண்ணை போன் எடுத்தார். தேரடியில் சப்பாத்துப் போட்டதற்காக வந்த ஏச்சை முதலில் வாசித்தார், வெகுநேரம் வாசித்தார். குதிரையைக் காட்டவில்லை என்றும் சிலர் குறைப்பட்டிருந்தார்கள். பிறகு குரலைத் தாழ்த்தி, "ஆனா அந்தப் பாட்டை ஒருக்காத் திரும்பப் போடச் சொல்லியும் கேக்கினம். எனக்கெண்டால் விளங்கேல்லை. ஞாயிறு பாட்டு நிகழ்ச்சிக்கு வா. கிதார்காரனையும் கூட்டிக்கொண்டு வா," என்றார். கோயில் நிர்வாகத்திடம் நேரில் போய் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்பது நிபந்தனை. போனேன், வெறுங்காலோடு போனேன். இத்தனை வருடமாகியும் அந்தத் தொலைக்காட்சியில் யார் வெளிப்புற ஒளிபரப்புக்குப் போனாலும், மைக் கொடுக்கும் முன் காலைத் தூக்கிக் காட்டச் சொல்லுகிறார்கள். புதிதாக வருகிற பிள்ளைகள் அது ஏதோ தொழில்நுட்பச் சோதனை என்று நினைக்கிறார்கள்.

அப்பாவை அடுத்த வருடமும் சில்லடிக்கே போட்டார்கள். தேர் அப்படி நின்றும் அசம்பாவிதம் நடக்காமல் பார்த்தவர் என்று அவருக்கு மதிப்புக் கூடிவிட்டது. அந்த மதிப்பில் என் பங்கு என்ன என்று நான் கேட்டதில்லை. ஆனால் வீட்டுக்கு யாராவது புதிதாக வந்தால், தேநீர்க் கோப்பையைக் கையில் எடுப்பதற்குள் அவர் தொடங்கிவிடுவார்.

"என்ரை மகளின்ரை முதல் கச்சேரிக்கு ஆர் வந்தது தெரியுமோ? சுவாமி வந்தவர். தேரிலை வந்தவர். அவள் பாடி முடியுமட்டும் நிண்ட இடத்தை விட்டு அசையேல்லை."

குசினிக்குள்ளிருந்து அம்மா, கையில் உள்ள வேலையை நிறுத்தாமலே, "அசைய விட்டால்தானே," என்பார்.